இரவல் மெட்டில் ஒரு வரலாறு

1908, 1909-ஆம் ஆண்டுகளில் அமெரிக்காவின் வடமேற்கில் இருக்கும் ஸ்போக்கேன் நகரத்தில் வேலை தேடி இறங்குகிறவன் கண்ணில் முதலில் படுவது ஆள்பிடி ஏஜென்ட்டுகளின் கடைகள்தான். மரம் வெட்ட, தண்டவாளம் போட, கதிர் அறுக்க ஆள் வேண்டும் என்று பலகையில் எழுதி வைத்திருப்பார்கள். ஒரு டாலர் கட்டினால் ஒரு சீட்டு. சீட்டை எடுத்துக்கொண்டு காட்டுக்குப் போனால் சில சமயம் அங்கே வேலையே இருக்காது. இருந்தாலும் நாலு நாளில் மேஸ்திரி கணக்கை முடித்து அனுப்பிவிடுவான். அடுத்து வருகிறவனும் ஒரு டாலர் கட்டியிருப்பான், அந்த டாலரில் மேஸ்திரிக்கும் பங்கு உண்டு.

இந்த ஏமாற்று வேலையை அம்பலப்படுத்த ஒரு சங்கத்தார் தெருமுனையில் மரப்பெட்டியைக் கவிழ்த்துப்போட்டு, மேலே ஏறி நின்று பேசினார்கள். பேச்சு சூடுபிடிக்கும் நேரத்துக்கு இரட்சணிய சேனை என்ற கிறிஸ்தவ அமைப்பின் பேண்டு வாத்தியம் அங்கே வந்து நிற்கும். பெரிய முரசு, எக்காளம், பக்திப் பாட்டு. பேசுகிறவன் குரல் யார் காதிலும் விழாது. சங்கத்தார் யோசித்தார்கள். வாத்தியத்தோடு போட்டி போட்டுத் தொண்டை கிழியக் கத்துவதை விட்டுவிட்டு, அவர்கள் வாசிக்கும் அதே மெட்டுக்குத் தங்கள் சொற்களைப் போட்டுப் பாட ஆரம்பித்தார்கள். மெட்டு கூட்டத்துக்கு ஏற்கெனவே தெரியும். வாத்தியம் செலவில்லாமல் கிடைத்துவிட்டது. இரண்டாவது தடவை பாடும்போதே கூட்டமும் சேர்ந்துகொள்ளும்.

அந்தப் பாட்டுகளைச் சேர்த்து 1909-இல் ஸ்போக்கேனிலேயே ஒரு சின்னப் புத்தகம் போட்டார்கள். சட்டைப் பைக்குள் அடங்கும் அளவு, சிவப்பு அட்டை. இன்றுவரை பதிப்புக்குமேல் பதிப்பாக வந்துகொண்டிருக்கிறது. தொண்ணூறு ஆண்டு கழித்து வந்த 'ஃபெல்லோ வொர்க்கர்ஸ்' என்ற நாட்டார் இசை ஆல்பத்துக்கு வேர் அந்தப் புத்தகம்தான்.

1999-இல் வெளியான இந்த ஆல்பத்தை நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில், ஒரு பழைய மாளிகைக்குள் அமைந்திருந்த கிங்ஸ்வே ஒலிப்பதிவுக்கூடத்தில் பதிவு செய்தார்கள். எதிரே சின்னதாக ஒரு கூட்டத்தை உட்காரவைத்து, அவர்கள் முன்னால் நேரடியாக வாசித்துப் பதிவு செய்தது. அவர்கள் சிரிப்பதும் கைதட்டுவதும் பதிவில் அப்படியே இருக்கிறது. கதை சொல்கிறவர் அறுபதைத் தாண்டிய யூட்டா ஃபிலிப்ஸ். கூட நின்று கிதார் வாசிப்பவர் அப்போது முப்பதைத் தொடாத பாடகி ஆனி டிஃப்ராங்கோ. இருவருக்கும் வயதில் 35 ஆண்டு வித்தியாசம். ஆல்பத்தை வெளியிட்டது டிஃப்ராங்கோ 1990-இல் சொந்தமாகத் தொடங்கிய 'ரைட்டியஸ் பேப்' நிறுவனம். பெரிய இசைக் கம்பெனிகளின் பக்கம் போகாமல், நியூயார்க் மாநிலத்துப் பஃபலோ என்ற தன் சொந்த ஊரில் இருந்தே அவர் அதை நடத்தினார். தொழிலாளர் கதையைச் சொல்லும் ஆல்பம் இப்படி ஒரு இடத்திலிருந்து வந்தது பொருத்தம்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஆல்பத்தின் தலைப்பில் இருக்கும் சொல்லுக்கே ஒரு கதை உண்டு. 1905 ஜூன் 27 அன்று சிகாகோவில் ஒரு மண்டபத்தில் பில் ஹேவுட் என்ற சுரங்கத் தொழிலாளர் தலைவர் எழுந்து நின்று, 'சக தொழிலாளர்களே' ('ஃபெல்லோ வொர்க்கர்ஸ்') என்று கூட்டத்தை அழைத்துத் தொடங்கிவைத்த சங்கம்தான் ஐ.டபிள்யூ.டபிள்யூ., அதாவது 'உலகத் தொழில்துறைத் தொழிலாளர்கள்' சங்கம். ஸ்போக்கேன் தெருமுனையில் பாடியவர்கள் இவர்கள்தான். நாம் 'தோழர்' என்று சொல்லும் இடத்தில் அந்தச் சங்கத்தார் இன்றும் 'சக தொழிலாளி' என்பார்கள். மற்ற சங்கங்கள் தச்சர்களுக்கு ஒன்று, கொத்தனார்களுக்கு ஒன்று என்று தொழில்வாரியாகப் பிரிந்து கிடந்தன. தொழில் தெரியாத கூலி, கறுப்பினத்தார், பெண்கள், புதிதாகக் கப்பலில் வந்து இறங்கியவர்கள் ஆகியோரைச் சேர்க்க அவற்றில் பல தயங்கின. ஐ.டபிள்யூ.டபிள்யூ. எல்லோரையும் ஒரே சங்கத்துக்குள் கொண்டுவரப் பார்த்தது. 'வாப்ளி' என்பது அந்தச் சங்கத்தாரின் செல்லப்பெயர்.

யூட்டா ஃபிலிப்ஸின் இயற்பெயர் புரூஸ். 1935-இல் ஒஹாயோ மாநிலத்துக் கிளீவ்லாந்தில் பிறந்தார். 1950-களில் ராணுவத்தில் சேர்ந்து கொரியாவுக்குப் போனார். போர் சிதைத்துப்போட்டிருந்த அந்த நாட்டைப் பார்த்துவிட்டு மனம் உடைந்து திரும்பினார். சரக்கு ரயில்களில் தொற்றி ஊர் ஊராக அலைந்தார், குடித்தார், கடைசியில் சால்ட் லேக் சிட்டியில் அம்மன் ஹெனசி என்ற கிழவர் நடத்திய ஒரு வீட்டு வாசலில் போய் நின்றார். நாடோடிகளுக்குச் சோறும் படுக்கையும் கொடுக்கும் வீடு அது. பெயர் 'ஜோ ஹில் இல்லம்'. ஹெனசி முதல் உலகப்போரில் ஆயுதம் எடுக்க மறுத்துச் சிறைக்குப் போனவர். ஆல்பத்தில் 'நான் கீழ்ப்படிய மாட்டேன்' என்ற தலைப்பில் ஒரு பகுதி உண்டு. பழைய வாப்ளிகள், சுரங்கத்தில் நுரையீரலைத் தொலைத்தவர்கள், மரக்காட்டுத் தொழிலாளர்கள் என்று ஃபிலிப்ஸ் தேடித் தேடிப் போய் உட்கார்ந்து கதை கேட்டார். இடையில் யூட்டா மாநில ஆவணக்காப்பகத்தில் வேலை பார்த்தார். 1968-இல் அமைதிக் கட்சி ஒன்றின் சார்பில் செனட் தேர்தலில் நின்றார், வேலை போயிற்று. அப்புறம் வாழ்நாள் முழுக்கப் பாட்டும் கதையும்தான்.

இருவரும் முதலில் சேர்ந்து செய்தது இந்த ஆல்பம் இல்லை. 1996-இல் ஒன்று வந்தது. ஃபிலிப்ஸ் மேடைகளில் கதை சொன்ன பழைய ஒலிநாடாக்களை வாங்கி, அந்தப் பேச்சுக்குப் பின்னால் டிஃப்ராங்கோ தாளத்தையும் கிதாரையும் ஓடவிட்டார். ஃபிலிப்ஸ் அந்த வேலையில் கூடவே உட்காரவில்லை. நாட்டார் இசைக் கூட்டங்களின் பக்கமே வராத இளைஞர்கள் அதைக் கேட்டார்கள். 1999-இல் எல்லோரும் ஒரே அறைக்குள் வந்தார்கள். கிழவர் கதையை இழுத்தால் டிரம்ஸ் காத்திருக்கும், அவர் வேகமெடுத்தால் பேஸ் கிதார் கூடவே ஓடும்.

வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த வடிவம் அந்நியமாகத் தெரியாது. கதை ஓடும், இடையில் பாட்டு வரும், மறுபடி கதை. பாட்டு முடிந்ததும் ஒரு வேடிக்கை, சிரித்து முடிப்பதற்குள் ஒரு சாவு. கூட்டம் 'ஆமாம்' போடுவதற்குப் பதிலாகச் சிரிக்கிறது, பல்லவியில் சேர்ந்துகொள்கிறது. இதில் பாட்டை விடக் கதைதான் பெரிது என்பது என் கருத்து. பாட்டு, கதையைத் தூக்கிக்கொண்டு போவதற்கான கைப்பிடி.

அந்தக் கைப்பிடியை நன்றாகச் செய்யத் தெரிந்தவர் ஜோ ஹில். சுவீடனில் யெவ்லே என்ற துறைமுக ஊரில் 1879-இல் பிறந்து, 1902-இல் அமெரிக்காவுக்கு வந்து, கிடைத்த வேலையெல்லாம் செய்தவர். துண்டுப்பிரசுரம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் ஒரு தடவைக்கு மேல் யாரும் படிப்பதில்லை, பாட்டையோ மனப்பாடம் செய்து திரும்பத் திரும்பப் பாடுகிறார்கள் என்று அவர் ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். 1911-இல் சிவப்புப் புத்தகத்தில் வந்த அவருடைய பாட்டு, பரலோகக் கரையில் சந்திப்போம் என்று சொல்லும் ஒரு கிறிஸ்தவப் பாட்டின் மெட்டில் அமைந்தது. பசிக்கிறது என்று கேட்டால், பொறுத்துக்கொள், ஜெபம் செய், செத்த பிறகு வானத்தில் பலகாரம் கிடைக்கும் என்று பிரசங்கி சொல்வதாகப் பாட்டு போகும். 'வானத்துப் பலகாரம்' ('பை இன் தி ஸ்கை') என்ற அந்தச் சொல், நடக்காத வாக்குறுதியைக் குறிக்கும் சொல்லாக ஆங்கிலத்தில் இன்றைக்கும் புழங்குகிறது. பேசுகிறவர்களில் பலருக்கு அதை உண்டாக்கியது ஒரு கூலித் தொழிலாளி என்பது தெரியாது.

ஆல்பம் முடியப்போகும் நேரத்தில் ஜான் பிரில் எழுதிய ஒரு பாட்டு வருகிறது. அதன் மெட்டு நம்மூர்த் தேவாலயங்களில் 'பாவ சஞ்சலத்தை நீக்க' என்று தொடங்கும் பாட்டின் மெட்டேதான். தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் துக்க வீட்டிலும் ஞாயிறு ஆராதனையிலும் கேட்டிருப்பார்கள். மூலப்பாட்டு மனச்சுமையைக் கர்த்தரிடம் இறக்கிவைக்கச் சொல்கிறது. பிரிலின் பாட்டு, முதுகில் ஏறி உட்கார்ந்திருக்கும் முதலாளியை இறக்கிவிடச் சொல்கிறது. மூலம் தெரிந்தவனுக்குத்தான் அந்தத் திருப்பம் முழுசாகச் சுரீரென்று உறைக்கும். சினிமா மெட்டில் தேர்தல் பாட்டு கட்டுகிறவர்களுக்கு இந்த வித்தையை விளக்கத் தேவையில்லை.

ஜோ ஹில்லின் முடிவு எல்லோருக்கும் தெரிந்த கதை, அதே அளவுக்கு இன்னும் தீராத வழக்கும்கூட. 1914 ஜனவரியில் சால்ட் லேக் சிட்டியில் ஒரு மளிகைக் கடைக்காரரையும் அவர் மகனையும் முகமூடிக்காரர்கள் சுட்டுக் கொன்றார்கள். அதே இரவு ஜோ ஹில் மார்பில் குண்டுக் காயத்தோடு ஒரு மருத்துவரிடம் போனார். ஒரு பெண் விஷயமான சண்டை என்று சொன்னாரே தவிர, யார் சுட்டது என்று கடைசிவரை வாய் திறக்கவில்லை. ஜனாதிபதி வில்சனும் சுவீடன் நாட்டுத் தூதரும் தலையிட்டும் 1915 நவம்பர் 19 அன்று அவரைச் சுட்டுக் கொன்று தண்டனையை நிறைவேற்றினார்கள். 2011-இல் வெளியான ஒரு வாழ்க்கை வரலாற்று நூல், அந்தப் பெண் பல ஆண்டுகள் கழித்து எழுதிய ஒரு கடிதத்தை வெளிக்கொண்டு வந்தது. தன்னை முன்னிட்டு ஜோ ஹில்லை அவருடைய நண்பரே சுட்டார் என்கிறது கடிதம். நீதிமன்றத்தில் வராத சாட்சி அது.

சாவதற்கு முன்னால் ஹேவுட்டுக்கு அனுப்பிய செய்தியில், எனக்காக அழுது நேரத்தை வீணாக்காதீர்கள், சங்கத்தைக் கட்டுங்கள் என்றார். யூட்டா மாநிலத்தில் பிணமாகக்கூடக் கிடக்க விருப்பமில்லை, உடலை எல்லைக்கு வெளியே கொண்டுபோய்விடுங்கள் என்றும் கேட்டுக்கொண்டார். அந்த மாநிலத்தின் பெயரையே சூடிக்கொண்ட ஒருவர் அவர் கதையை நாடெங்கும் சொல்லிக்கொண்டு போனார் என்பதை நினைத்தால் எனக்கு ஒவ்வொரு தடவையும் நெஞ்சை என்னவோ செய்கிறது.

ஆல்பத்தில் எனக்கு மிகவும் பிடித்தது லாரன்ஸ் பகுதி. அதைப் புரிந்துகொள்ள 1912-ஆம் ஆண்டுக்குப் போகவேண்டும். மசாசூசெட்ஸ் மாநிலத்து லாரன்ஸ், கம்பளித் துணி ஆலைகளின் ஊர். பெண்களும் சிறுவர்களும் வாரத்துக்கு 56 மணி நேரத்துக்குப் பதில் 54 மணி நேரம்தான் வேலை செய்யலாம் என்ற சட்டம் அந்த ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. நல்ல சட்டம். ஆனால் ஆலை முதலாளிகள் இரண்டு மணி நேரத்துக் கூலியையும் சேர்த்து வெட்டினார்கள். ஜனவரி 11 அன்று எவரெட் ஆலையில் போலந்துப் பெண்கள் சம்பளக் கவரைப் பிரித்து எண்ணிப் பார்த்தார்கள். வாரத்துக்கு ஏறக்குறைய 32 சென்ட் குறைவு. சில ரொட்டிகளின் விலைதான், ஆனால் அவர்கள் வீட்டில் அந்த ரொட்டிக்குப் பதில் வைக்க வேறு எதுவும் கிடையாது. தறியை நிறுத்திவிட்டு வெளியே வந்தார்கள். சில நாளில் 20,000 பேருக்கு மேல் தெருவில் நின்றார்கள்.

இத்தாலியர், போலந்துக்காரர், லித்துவேனியர், சிரியர் என்று ஊரே ஒரு மொழிச்சந்தை. இவர்களை ஒரே கூட்டத்தில் உட்காரவைக்கவே முடியாது என்றுதான் பழைய சங்கங்கள் நினைத்தன. ஐ.டபிள்யூ.டபிள்யூ. ஒவ்வொரு கூட்டத்தையும் இருபதுக்கும் மேற்பட்ட மொழிகளில் சொல்லவைத்தது. ஆலை வாசலில் நின்று மறியல் செய்தால் கைது செய்வோம் என்றது போலீஸ். சரி, நிற்கவில்லை என்று ஆலைகளைச் சுற்றிச் சங்கிலிபோல் இரவும் பகலும் நடந்துகொண்டே இருந்தார்கள். நடக்கும்போது பாடினார்கள். தான் பார்த்த வேலைநிறுத்தங்களில் பாடிய முதல் வேலைநிறுத்தம் இதுதான் என்று ரே ஸ்டானர்ட் பேக்கர் என்ற பத்திரிகையாளர் எழுதினார். மொழி புரியாதவனும் மெட்டைப் பிடித்துக்கொள்ளலாம். இரவல் மெட்டு அங்கே செய்த வேலை அது.

பசி கூடியதும் பிள்ளைகளை நியூயார்க்கில் ஆதரவான குடும்பங்களுக்கு அனுப்பினார்கள். பிப்ரவரி 24 அன்று ரயில் நிலையத்தில் அடுத்த வரிசைப் பிள்ளைகளை ஏற்ற வந்த தாய்மார்களையும் குழந்தைகளையும் போலீஸ் தடியால் அடித்து இழுத்துப்போனது. நாடே கொதித்தது. வாஷிங்டனில் நாடாளுமன்றக் குழு விசாரணை நடத்தியது. அங்கே சாட்சி சொன்னவர்களில் கமெல்லா தியோலி என்ற சின்னப் பெண்ணும் ஒருத்தி. ஆலை இயந்திரம் அவள் முடியைப் பிடித்து இழுத்துத் தலைத்தோலையே உரித்திருந்தது. ஜனாதிபதியின் மனைவி ஹெலன் டாஃப்ட் அந்த அறையில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். மார்ச் நடுவில் முதலாளிகள் இறங்கிவந்து கூலியை உயர்த்தினார்கள்.

ஆல்பத்தில் லாரன்ஸ் கதையைத் தொடர்ந்து 'ரொட்டியும் ரோஜாவும்' வருகிறது. அந்தப் போராட்டத்தில் பெண்கள் 'ரொட்டி வேண்டும், ரோஜாவும் வேண்டும்' என்று எழுதிய அட்டையைத் தூக்கிச் சென்றார்கள், அதைப் பார்த்துக் கவிஞர் எழுதினார் என்று பல இடங்களில் சொல்வார்கள். தேதி அதற்கு ஒத்துவரவில்லை. ஜேம்ஸ் ஆப்பன்ஹைம் எழுதிய அந்தக் கவிதை அச்சில் வந்தது 1911 டிசம்பரில். வேலைநிறுத்தம் தொடங்கியது அடுத்த ஜனவரியில். நடந்தது எது, பிறகு மக்கள் மனம் சேர்த்துக் கட்டியது எது என்று பிரித்துவைப்பது அவசியம் என்று நினைக்கிறேன். ஆனாலும் லாரன்ஸ் பெண்கள் கேட்டதை இதைவிடச் சுருக்கமாகச் சொன்ன பாட்டு இல்லை என்பதால்தான் மக்கள் இரண்டையும் முடிச்சுப் போட்டார்கள். இன்னொன்றும் சொல்லவேண்டும். லாரன்ஸில் வெற்றிக்குப் பிறகு பத்தாயிரத்தைத் தாண்டியிருந்த சங்க உறுப்பினர் எண்ணிக்கை, அடுத்த ஆண்டே ஆயிரத்துக்கும் கீழே போய்விட்டது. வேலை மந்தம், பழிவாங்கல், மொழிவாரிப் பிளவு. பாட்டுகள் அந்த இரண்டாம் பாதியை அநேகமாகப் பாடுவதில்லை. இந்த வகை ஆல்பங்களை வைத்து வரலாறு படிக்கிறவர்கள் அதை வேறு எங்கேயாவது தேடித்தான் படிக்கவேண்டும்.

'மிக ஆபத்தான பெண்' என்ற பகுதி மதர் ஜோன்ஸைப் பற்றியது. அயர்லாந்தில் பிறந்தவர். 1867-இல் மெம்ஃபிஸ் நகரத்தில் பரவிய மஞ்சள் காய்ச்சலில் கணவரையும் நான்கு குழந்தைகளையும் பறிகொடுத்தார். நான்கு ஆண்டு கழித்துச் சிகாகோ தீயில் அவருடைய தையல் கடையும் எரிந்துபோனது. அதற்கப்புறம் சுரங்கத் தொழிலாளர் இருக்கும் இடமே அவருக்கு வீடு. 1903-இல், விரல்களை இயந்திரத்தில் இழந்த ஆலைச் சிறுவர்களைக் கூட்டிக்கொண்டு பிலடெல்ஃபியாவிலிருந்து ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டின் வீடு வரை ஊர்வலமாக நடந்தார். ஜனாதிபதி பார்க்க மறுத்துவிட்டார். அமெரிக்காவிலேயே மிக ஆபத்தான பெண் என்று அவரைச் சொன்னது ஒரு அரசு வழக்கறிஞர், வெஸ்ட் வர்ஜீனியா நீதிமன்றத்தில்.

இவ்வளவு நடந்த ஒரு வரலாறு எப்படி மறந்துபோகும் என்று கேட்கலாம். மறக்கடித்தார்கள். அமெரிக்கா முதல் உலகப்போரில் இறங்கியபின், 1917 செப்டம்பர் 5 அன்று நாடெங்கும் ஐ.டபிள்யூ.டபிள்யூ. அலுவலகங்களில் ஒரே நேரத்தில் சோதனை நடந்தது. கடிதங்கள், கணக்கு, உறுப்பினர் பட்டியல், அச்சடித்த தாள் எல்லாம் டன் கணக்கில் போயின. 1918-இல் சிகாகோவில் ஏறக்குறைய 100 பேர்மீது ஒரே வழக்கு. மாதக்கணக்கில் விசாரணை, ஜூரி முடிவெடுக்க ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, சிலருக்கு இருபது ஆண்டு தண்டனை. தொழிற்சங்கக் கீதமாக இன்றும் அமெரிக்காவில் பாடப்படும் பாட்டை எழுதிய ரால்ஃப் சாப்ளினும் அதில் சிறைக்குப் போனார். ஜோ ஹில்லின் அஸ்தியைப் பொட்டலமாக்கி யூட்டாவைத் தவிர எல்லா மாநிலங்களுக்கும் தபாலில் அனுப்பியிருந்தார்கள். அதில் ஒரு உறையைக்கூட தபால் துறை பிடித்துவைத்தது. தேசிய ஆவணக்காப்பகத்தில் கிடந்த அந்த உறையிலிருந்த அஸ்தி, 1988-இல்தான் சங்கத்தின் கைக்கு வந்தது.

ஒரு சங்கத்தின் காகிதங்களை இப்படி அள்ளிக்கொண்டு போனபிறகு மிச்சம் இருப்பது வாயில் இருப்பதுதான். ஃபிலிப்ஸ் இதை நன்றாக உணர்ந்தவர், ஆவணக்காப்பகத்திலேயே வேலை பார்த்தவர் ஆயிற்றே. ஆல்பத்தில் 'நீண்ட நினைவு' என்றே ஒரு பகுதி உண்டு. நமக்கு முன்னால் வாழ்ந்தவர்கள் என்ன செய்தார்கள் என்ற நினைவு அறுந்துபோனால், நம்மிடம் இருக்கும் எட்டு மணி நேர வேலையும் ஞாயிற்றுக்கிழமையும் யாரோ கருணையோடு கொடுத்தது என்று நம்பிவிடுவோம் என்ற கவலை அவருடைய கதைகள் முழுக்க ஓடுகிறது. எட்டு மணி நேரத்துக்கு அமெரிக்க மரக்காட்டிலிருந்தே ஒரு உதாரணம் உண்டு. 1917-இல் வேலைநிறுத்தம் இழுத்துக்கொண்டே போனபோது, வாப்ளிகள் வேலைக்குத் திரும்பினார்கள், எட்டு மணி நேரம் முடிந்ததும் கோடாரியை வைத்துவிட்டு எழுந்து போனார்கள். வேலையிலிருந்து நீக்கினால் அடுத்த முகாமில் சேர்ந்து அங்கேயும் அதையே செய்தார்கள். 1918 மார்ச்சில் எட்டு மணி நேரம் அந்தக் காடுகளில் விதியாயிற்று. 'நேரடி நடவடிக்கை' என்று அவர்கள் சொன்னது இதைத்தான்.

ஆல்பம் சர்வதேச கீதத்தோடு முடிகிறது. பாரிஸ் கம்யூன் என்ற தொழிலாளர் ஆட்சியை நசுக்கிய 1871-இல் எழுதிய பாட்டு, 1888-இல் மெட்டு. 'பட்டினிக் கொடுஞ்சிறைக்குள்' என்று தமிழ்நாட்டு மேடைகளில் கேட்டவர்கள் அந்த மெட்டை நியூ ஆர்லியன்ஸ் மாளிகைக்குள்ளும் அடையாளம் கண்டுகொள்வார்கள். கிராமி விருதுக்கு இந்த ஆல்பத்தின் பெயர் பரிந்துரைக்கப்பட்டது, விருது கிடைக்கவில்லை.

ஃபிலிப்ஸ் கடைசிக் காலத்தில் கலிஃபோர்னியாவின் நெவாடா சிட்டியில் இருந்தார். 2005-இல் அங்கே வீடில்லாதவர்களுக்காக ஊர்க்காரர்களோடு சேர்ந்து ஒரு தங்குமிடம் தொடங்கினார். இதயநோய் முற்றி 2008 மே 23 அன்று இறந்தார். பக்கத்து ஊரான கிராஸ் வேலியில் அந்தத் தங்குமிடத்துக்கு இப்போது சொந்தக் கட்டடம் இருக்கிறது. வாசலில் அவர் பெயர்.